றஞ்சனி காட்டிய பலெர்மோ

றஞ்சனி எதையும் ஒழுங்கு குலையாமல் செய்கிறவள். முல்லைத்தீவுக் கடற்கரையில் கருவாடு காயவைத்த காலத்திலேயே அது ஊருக்குத் தெரியும். மற்றப் பெண்கள் கீறிய மீனை வாரி இறைத்துவிட்டுப் போய்விடுவார்கள். அவளோ தலையெல்லாம் ஒரு பக்கம், வாலெல்லாம் ஒரு பக்கம் பார்த்து அடுக்கி முடித்த பிறகுதான் முதுகை நிமிர்த்துவாள். "உன்ரை மீனெல்லாம் கோயில் பூசைக்கு வந்து இருக்கிறமாதிரி இருக்குதடி" என்று பகிடி பண்ணுவார்கள். ஒரு மீன் கோணி இருந்தால் அவள் போய் நேராக்கிவிட்டு வருவாள்.

ஏழாம் வகுப்போடு அவளுடைய படிப்பு நின்றது. தகப்பன் கடலுக்குப் போய்த் திரும்பாமல்விட்ட வருஷம் அது. அம்மா அற்புதம் மீன்வாடிக்கு வேலைக்குப் போகத் தொடங்க, தம்பி அனிஸ்ரன் றஞ்சனியின் கைக்கு வந்து சேர்ந்தான். அவனைக் குளிப்பாட்டிச் சீப்பால் தலை இழுத்துப் பள்ளிக்கூடத்தில் கொண்டுபோய் விடுவதும் அவள்தான், வாயில் சோறு தீத்துவதும் அவள்தான். அந்தச் சோறுதான் பெரிய பாடு. ஒரு வாய் வைத்தால் மாடு அசைபோடுகிறமாதிரி மென்றுகொண்டே இருப்பான். வாயில் சோறு இருக்கிறவரைக்கும் யார் என்ன கேட்டாலும் பதில் வராது. பாதிரியார் வந்து பெயர் கேட்டபோதுகூட அவரை நிற்கவைத்துவிட்டு மென்று முடித்துத்தான் பெயரைச் சொன்னான். "இவனுக்குச் சோறு குடுத்து முடியிறதுக்குள்ள ஒரு கிழிஞ்ச வலையைப் பொத்திப்போடலாம்" என்று அம்மா சொல்வார்.

அவனை றஞ்சனி படிக்கவைத்தாள். தொண்ணூற்றிரண்டில் அவன் கொழும்புக்குப் போய், அங்கிருந்து எங்கெங்கோ அலைந்து, கடைசியில் இத்தாலியில் பலெர்மோ என்ற நகரத்தில் கரையேறினான் என்று சேதி வந்தது. றஞ்சனி கோயிலில் மெழுகுதிரி கொளுத்தினாள். தண்ணீர் அள்ளப் போன இடத்திலும் சந்தையிலும், "தம்பி பலெர்மோவில நிக்கிறான்" என்று ஒரே சொல்லாகச் சொன்னாள். பெயரைப் பிழையாகத் திருப்பிச் சொன்னவர்களைத் திருத்திவிட்டுத்தான் நகர்ந்தாள்.

தொண்ணூற்றாறு ஆடியில் கரையோரச் சனம் முழுவதும் இடம்பெயர்ந்தபோது, தாயும் மகளும் உடையார்கட்டுக்கு வந்தார்கள். கமலேஸ்வரி என்ற பெண் தன் வளவில் ஒரு மூலையை விட்டுக் கொடுத்தாள். அவளும் புருஷன் மூக்கனும் மலையகத்துக் கலவரத்தில் அடிபட்டு வன்னிக்கு வந்து காடு வெட்டித் தோட்டம் செய்தவர்கள். "நாங்க வந்தப்ப எங்களுக்கும் இந்த மரத்தடிதான்கா" என்று சொல்லி, கிடுகும் தடியும் எடுத்துக் கொடுத்தாள். றஞ்சனி மண் குழைத்து அரைச்சுவர் வைத்து ஒரு கொட்டில் கட்டினாள். கமலேஸ்வரி வந்து கையால் தடவிப் பார்த்து, "சுவத்துக்குப் பவுடர் போட்டிருக்கீங்களாக்கா?" என்று கேட்டாள்.

அந்தக் கொட்டிலுக்குள்தான் அம்மா படுத்தார். கண்ணில் வெள்ளை படர்ந்து பார்வை ஏற்கெனவே மங்கிப் போயிருந்தது. இப்போது மலேரியாவும் வந்தது. காய்ச்சல் விட்டாலும் சாப்பாடு இறங்கவில்லை. இறங்கவில்லை என்பதைவிட அவர் இறக்கவில்லை என்பதுதான் சரி. அனிஸ்ரன் போன வழியில் பனிக்குள் பட்டினி கிடந்தான் என்று யாரோ சொன்ன கதை அவர் மனதில் ஏறி உட்கார்ந்துவிட்டது. கஞ்சியைக் கொண்டுபோனால் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்புவார். "அவன் அங்கை என்னத்தைத் தின்னுறானோ. எனக்கு வேண்டாம்."

ஆஸ்பத்திரியில் டொக்டர் றஞ்சனியைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். "இந்தக் குளிசை வெறும் வயித்திலை போனா அம்மா தாங்கமாட்டா. எப்பிடியாவது சாப்பிட வையுங்கோ. குடுக்கிறதுக்கு வேறை மருந்து என்னட்டை இல்லை."

அடுத்த ஆண்டு மன்னார்ப் பக்கத்தால் வந்த ஒரு கன்னியாஸ்திரி கையில் கசற் ஒன்று வந்து சேர்ந்தது. அனிஸ்ரன் தன் குரலைப் பதிந்து அனுப்பியது. கமலேஸ்வரி வீட்டில் ரேப் ரெக்கோடர் இருந்தது. ஆனால் வன்னிக்குள் பற்றறி வருவதற்குத் தடை. ஆகவே எல்லாரும் செய்கிறமாதிரி மூக்கனின் சைக்கிளை ஸ்ராண்டில் ஏற்றி, டைனமோவிலிருந்து வயர் இழுத்து, றஞ்சனி குந்தியிருந்து பெடலைக் கையால் சுற்றினாள். பின்சில்லு ஓட, பெட்டிக்குள்ளிருந்து தம்பி கதைத்தான்.

"அம்மா, அக்கா, நான் அனிஸ்ரன். நான் இப்ப ஒரு ரீச்சரம்மாவிட்டை வேலை செய்யிறன். அவா வெளிநாட்டுச் சனத்துக்கு ஊர் காட்டுறவா. வாகனத்திலை இல்லை, நடந்துதான். கடை கடையா நிண்டு சாப்பிட்டு, அந்தந்த இடத்துக் கதையைச் சொல்லிக்கொண்டு போவா. நான் பின்னாலை தண்ணிப் போத்தில் காவிக்கொண்டு போறனான். இண்டைக்கு எனக்கு லீவு. இண்டைக்கு நீங்கள்தான் என்ரை ஆக்கள், நான்தான் ஊர் காட்டுறவன். அம்மா, கையைப் பிடியுங்கோ. படி இருக்கு, பாத்து."

பாயில் கிடந்த அம்மா வலது கையைத் தூக்கினார்.

முதல் இடம் ஒரு பொரியல் கடை. "கடலை மாவைக் கரைச்சுக் காய்ச்சி, ஆறவிட்டு, துண்டு துண்டா வெட்டிப் பொரிக்கிறது. எங்கடை வடைக்கு ஒண்டுவிட்ட சகோதரம் மாதிரி. அராபியர் ஆண்ட காலத்திலை வந்த சாப்பாடு எண்டு ரீச்சரம்மா சொல்லுவா. பாணுக்குள்ள வைச்சுத் தருவினம். இந்தாங்கோ அம்மா, ஒரு கடி கடியுங்கோ. நானும் கடிக்கிறன்."

அம்மா வாயைத் திறந்தார். றஞ்சனி அதைக் கண்டாள். ஒரு கையால் பெடலைச் சுற்றிக்கொண்டே மற்றக் கையால் பக்கத்தில் கிடந்த ரொட்டியில் ஒரு துண்டு கிள்ளி அந்த வாயில் வைத்தாள். அம்மா மென்றார். விழுங்கினார்.

அன்றிலிருந்து அது ஒழுங்காகிவிட்டது. பின்னேரம் வெயில் சாய்ந்ததும் சைக்கிள் ஸ்ராண்டில் ஏறும். கோப்பையில் சாப்பாடு தயாராக இருக்கும். பொரியல் கடையில் ரொட்டி. பிறகு கோயில் மணி கேட்கும். பெரிய கோயில். "இந்த வாசல் தூணிலை குர்ஆன் வசனம் அரபியிலை செதுக்கியிருக்கு, அம்மா. முந்தி இது பள்ளிவாசலாம். பிறகு வந்தவை கோயிலாக்கிப்போட்டினம். தூணை மட்டும் விட்டுவைச்சிருக்கினம்." கோயில் தாண்டினால் சந்தை. அங்கே எட்டுக்கால் பேய்க்கணவாயை அவித்து வெட்டி, தேசிக்காய் பிழிந்து, நின்ற நிலையில் தின்பார்களாம்.

"ஏங்கம்மா, அத நீங்க தூண்டில்லதான வைப்பீங்க?" என்று கமலேஸ்வரி கேட்டாள்.

"எங்கடை கடலிலை அது இரை. அவையின்ரை கடலிலை சாப்பாடு" என்றார் அம்மா, பலெர்மோவில் பிறந்து வளர்ந்தவர்மாதிரி. அந்த இடத்தில் கருவாட்டுத் துண்டோடு ஒரு பிடி சோறு இறங்கும்.

சந்தைக்கு அடுத்தது ஒரு ஒடுங்கிய ஒழுங்கை. "இதிலை ஒண்டும் விக்கிறேல்லை, அம்மா. வீடுகள்தான். கூரை இல்லை. ஐம்பது வருசத்துக்கு முந்தின சண்டையிலை பிளேன் குண்டு போட்டது. இன்னும் கட்டேல்லை. அத்திமரம் ஒண்டு உள்ளுக்கு முளைச்சு யன்னலாலை வெளியிலை வருது. ரீச்சரம்மா இதிலை கொஞ்சநேரம் ஒண்டும் சொல்லாமல் நிப்பா. நானும் நிக்கிறன்." அதன் பிறகு சத்தம் இல்லை. தூரத்தில் வாகன இரைச்சல் மட்டும். அந்த மௌனத்துக்கும் பெடல் சுற்றவேண்டியிருந்தது. றஞ்சனி சுற்றினாள். கடைசியில் கடற்கரை, பாதாம்பால் ஐஸ். அதற்கு ஒரு சின்னப் பனங்கட்டித் துண்டு.

அம்மாவின் முகத்தில் கொஞ்சம் தெளிவு வந்தது. குளிசை வேலை செய்தது. "தம்பி வளர்ந்திட்டான் பாத்தியே. ஒரு பட்டணத்தையே கையைப் பிடிச்சுக் காட்டுறான்" என்று அவர் சொன்னபோது றஞ்சனிக்கு நெஞ்சு நிறைந்தது.

ஆனால் றஞ்சனி ஒன்றைப் பலமுறை செய்தால், அதில் கோணலாகக் கிடக்கிறது அவள் கண்ணில் படாமல் போகாது. ஒரு நாள் அவள் கவனித்தாள். பொரியல் கடையில் "நானும் கடிக்கிறன்" என்று தம்பி சொன்னான். சொன்ன கையோடு, மணி ஓயுமுன்பே கோயிலைப் பற்றிக் கதைக்கத் தொடங்கினான். சந்தையிலும் அப்படித்தான். வாயில் ஒன்றை வைத்தால் பாதிரியாரையே காக்கவைத்த பிள்ளை, பேய்க்கணவாயைத் தின்றுகொண்டு எப்படித் தடங்கல் இல்லாமல் கதைப்பான்? றஞ்சனி காதைப் பெட்டியோடு ஒட்டவைத்துக் கேட்டாள். பாண் சுற்றிய கடதாசி சரசரக்கவில்லை. கடைக்காரன் யாரும் அவனோடு ஒரு சொல் பேசவில்லை. அவன் கடைகளைத் தாண்டி நடந்துகொண்டே இருக்கிறான். ஒன்றையும் வாங்கவில்லை.

அவளுடைய கை தளர்ந்தது. பெட்டிக்குள் தம்பியின் குரல் இழுபட்டுத் தடித்தது.

"என்னடி, பெடியனுக்குத் தொண்டை கட்டுது. சுத்து" என்றார் அம்மா.

அவள் சுற்றினாள். அறிந்ததை அம்மாவுக்குச் சொல்லவில்லை. சொன்னால் அந்த வாய் மூடிவிடும் என்று பயந்தாள்.

கார்த்திகையில் மழை நின்று பெய்தது. கொட்டிலின் ஒரு பக்கத்துச் சுவர் ஊறிச் சரிந்தது. அதன் அடியில் போன கசற்றை எடுத்தபோது நாடாவெல்லாம் சேறு. கழுவித் துடைத்து, பென்சிலைக் கொடுத்துச் சுற்றிக் காயவைத்துப் பார்த்தாள். ஒன்றும் கேட்கவில்லை. அந்த மாதம் நிவாரண லொறியும் வரவில்லை. இருந்த அரிசியை அம்மாவுக்கென்று ஒதுக்கி வைத்துவிட்டு, கமலேஸ்வரி தோட்டத்து மரவள்ளியைப் பார்த்துப் பார்த்து அவித்தாள். தனக்குப் பசியில்லை என்று பழகிக்கொண்டாள். கண் தெரியாத தாயை ஏமாற்றுவது கஷ்டமான வேலையில்லை.

கசற் இல்லாமல் இரண்டு நாள் அம்மா ஒரு வாய்கூடச் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் பின்னேரம் மழை விட்டிருந்தது. றஞ்சனி கோப்பையை எடுத்துக்கொண்டு பாயருகே போய்க் குனிந்தாள்.

"அம்மா, கையைப் பிடியுங்கோ. படி இருக்கு, பாத்து."

அம்மாவின் வலது கை மெல்ல மேலே வந்தது.

தாயை எழுப்பி, தோளில் சாய்த்து, வளவுக்குள் நடத்தினாள். கிணற்றடி பொரியல் கடை. முருங்கைமரம் பெரிய கோயில். மாட்டுக்கொட்டில் சந்தை. சரிந்து கிடந்த தங்கள் சொந்தச் சுவரடிக்கு வந்தபோது, தம்பி சொன்னதையெல்லாம் சொல்லிவிட்டு அவளும் ஒன்றும் பேசாமல் நின்றாள். ஒரு சொல் கூட்டவில்லை, குறைக்கவில்லை. என்றாலும் அம்மா பிழை பிடித்தார்.

"கோயிலுக்கு முதல் மணி அடிக்கவேணும். நீ அடிக்கேல்லை."

அடுத்த நாள் முதல் அந்த இடம் வரும்போது கமலேஸ்வரி குசினிக்குள்ளிருந்து சட்டியில் அகப்பையால் தட்டினாள். "இந்த ஊருல எனக்கும் ஒரு வேல கிடைச்சிருச்சு" என்றாள். அம்மா சிரித்தார். சாப்பிட்டார்.

அப்படிச் சில நாட்கள் போயின. அரிசி முடிந்தது, மரவள்ளியும் குறைந்துகொண்டு வந்தது. ஒரு பின்னேரம் கிணற்றடியில் நின்று, "இந்தாங்கோ அம்மா, ஒரு கடி கடியுங்கோ. நானும் கடிக்கிறன்" என்றாள் றஞ்சனி. குசினியில் சட்டி தட்டும் சத்தம் கேட்டது. "இது பெரிய கோயில். இந்த வாசல் தூணிலை…"

"நில்" என்றார் அம்மா.

"என்னம்மா, களைச்சுப்போனியளோ?"

"தூணுக்கு முதல் என்ன சொன்னனி?"

"நானும் கடிக்கிறன் எண்டனான்."

"கடிச்சவள் மெல்லாமல் விழுங்காமல் எப்பிடித் தூணுக்கு வந்தனி?"

றஞ்சனி கோப்பைக்குள் பார்த்தாள்.

"தம்பியும் உப்பிடித்தான் வந்தவன்" என்றார் அம்மா.

கமலேஸ்வரி அகப்பையோடு குசினி வாசலில் வந்து நின்றாள். முருங்கை இலையிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.

"அவன் தின்னேல்லை எண்டு உங்களுக்குத் தெரியுமோ?" என்று றஞ்சனி கேட்டாள்.

"நீ மட்டுமோ அவனுக்குச் சோறு குடுத்தனி? முதல் நாளே தெரியும்."

"தெரிஞ்சுகொண்டு ஏனம்மா சாப்பிட்டனீங்கள்?"

அம்மா சொன்னார். "வெறும் வயித்தோடை நிண்டு எனக்குத் தீத்துறான். நான் வாயை மூடினா, அவன் அவ்வளவு தூரம் நடந்தது என்னத்துக்கு?"

பிறகு கையை நீட்டிக் கோப்பையைத் தேடினார். அவித்த மரவள்ளியில் இரண்டு சின்னத் துண்டுகள்தான் இருந்தன. விரலால் தடவித் தடவி எது பெரியது என்று பார்த்தார்.

"அம்மா, உங்களுக்குக் காணாது. டொக்டர் சொன்னவர்…"

"டொக்டரை நான் பாத்துக்கொள்ளுறன். வாயைத் திற. இல்லாட்டி நான் இந்தக் கடையை விட்டு அசையமாட்டன்."

பெரிய துண்டு றஞ்சனியின் வாய்க்குள் போனது. அம்மா தன் துண்டைத் தன் வாயில் வைத்தார். ஒரு கை மகளின் தாடையில் இருந்தது. அது அசைகிறதா என்று பார்த்தபடி அவரும் மென்றார். கமலேஸ்வரி இரண்டு பேரையும் பார்த்துக்கொண்டு நின்றாள். மணி அடிக்கவில்லை. றஞ்சனி விழுங்கினாள். அந்த அசைவு தொண்டையில் இறங்கி முடிகிறவரைக்கும் கை அங்கேயே இருந்தது.

"இப்ப தூணைச் சொல்லு" என்றார் அம்மா.