எல்லா மணியும் தூரத்தில்

பூட்டு விழும் சத்தத்துக்கு 'ணக்' சரியா, 'கிளக்' சரியா என்று முடிவாகாமல் சத்யபிரியா அடுத்த காட்சிக்குப் போகமாட்டாள். திரையில் கதாநாயகன் பாதி திறந்த வாயோடு உறைந்து நிற்பான். இவள் ஹெட்ஃபோனை இரண்டு கைகளாலும் காதோடு அழுத்தி, கண்ணை மூடி, உதட்டுக்குள் 'ணக், ணக்' என்று சொல்லிப் பார்த்துக்கொண்டிருப்பாள். வேலைக்குப் புதிதாகச் சேர்ந்தவர்கள் முதல் வாரத்தில் இதைப் பார்த்துவிட்டு, அக்காவுக்கு உடம்புக்கு ஏதோ என்று பயந்துபோவது உண்டு.

காது கேளாதவர்கள் படம் பார்க்கும்போது திரையின் அடியில் வசனம் எழுத்தாக ஓடும். ஆனால் வசனம் மட்டும் போதாது. கதவு தட்டப்படுவதையும் பின்னால் வரும் காலடியையும் பக்கத்து அறையில் அழும் குழந்தையையும் அவர்களுக்கு யாராவது சொல்லியாக வேண்டும். அதைத் தமிழில், அடைப்புக்குறிக்குள், இரண்டு மூன்று வார்த்தைகளில் எழுதுவதுதான் நாவலூர் அலுவலகத்தில் சத்யபிரியாவின் வேலை. வயது நாற்பதைத் தாண்டிவிட்டது. வீடு மேடவாக்கத்தில், மூன்றாவது மாடி. பால்கனியில் நின்றால் தெருவின் சத்தங்களுக்குப் பெயர் வைத்துக்கொண்டிருப்பாள். தண்ணீர் லாரி பின்வாங்கும்போது 'முனகுகிறது' என்பாள். கணவர் ஹரிபிரசாத் பால் பொங்கியதைப் பார்த்துக் கத்தினால்கூட, அது அலறலா அதட்டலா என்று ஒரு கணம் யோசித்துவிட்டுத்தான் அடுப்பை அணைப்பாள்.

மணி விஷயத்தில் தனிக் கண்டிப்பு. 'மணி ஒலிக்கிறது' என்று யாராவது எழுதிவந்தால் திருப்பி அனுப்பிவிடுவாள். எந்த மணி என்று கேட்பாள். பள்ளிக்கூட மணியென்றால் கணகணவென்று அடிக்க வேண்டும். குல்ஃபி வண்டி கிணிங் கிணிங். கல்யாணப் பெண்ணின் கொலுசு கலீர். நடை பழகும் குழந்தையின் கொலுசு கிணுகிணு. 'கணீர்' என்பதை மட்டும் எளிதில் எடுத்துத் தரமாட்டாள். ஒரே அடியாக இருக்க வேண்டும். அடித்த இடத்தில் கூர்மையாகத் தொடங்கி, பிறகு காற்றில் நீண்டு போக வேண்டும். குரலுக்கும் அந்தச் சொல் பொருந்தும், ஆனால் உரக்கக் கத்துகிற குரலெல்லாம் கணீரென்ற குரல் ஆகிவிடாது. மேடையில் முழங்கும் ஓர் அரசியல்வாதிக்குக் கணீர் போட்டுக்கொண்டு வந்த பையனிடம் சொன்னாள்: "இது தொண்டை கட்டின குரல்பா. கணீர்ல ஒரு சுத்தம் இருக்கணும். விரிசல் விட்ட பாத்திரத்தைத் தட்டினா கணீர்னு வராது இல்ல?"

இத்தனை பிடிவாதமும் யாருக்காக என்று கேட்டால், லாசரஸ் அண்ணனுக்காக என்பாள். லாசரஸ் கிழக்குத் தாம்பரத்தில் இருக்கிறார். சிறுவனாக இருந்தபோது மூளைக்காய்ச்சல் வந்து இரண்டு காதும் போய்விட்டன. அதற்கு முன் கேட்ட தமிழ் நாக்கில் தங்கியிருப்பதால் பேசுவார். தன் குரல் தனக்கே கேட்காது. அதனால் ஏற்ற இறக்கமில்லாமல், கொஞ்சம் உரக்கப் பேசுவார். படம் வெளியாகும் முன் பார்த்து, எங்கே புரியவில்லை என்று சொல்வதற்காக நிறுவனம் வைத்திருக்கும் பார்வையாளர்களில் அவரும் ஒருவர். ஒருமுறை அலுவலகத்துக்கு வந்தபோது, கணீர் என்று படித்தால் தனக்கு ஒரே ஒரு மணிதான் கேட்கும் என்றார். அவர்கள் தேவாலயத்து மணி. அவர் கடைசியாகக் கேட்ட மணி. அதன்பின் அந்தச் சொல்லை எழுதும் ஒவ்வொரு முறையும், அந்த மனிதரின் தலைக்குள் தான் ஒரு கயிற்றை இழுப்பதாகச் சத்யபிரியாவுக்குத் தோன்றும்.

ஒரு திங்கட்கிழமை காலை லாசரஸிடமிருந்து அவளுக்கு வாட்ஸ்அப் வந்தது.

"சிஸ்டர், அந்தக் குழந்தை செத்துப்போச்சா?"

அவளுக்கு ஒன்றும் புரியவில்லை. படம் தெரியும், போன வாரம் அவள் முடித்துக் கொடுத்ததுதான். அடுக்குமாடிக் குடியிருப்பில் ஒரு குழந்தை காணாமல்போகிறது. நாள் முழுக்கத் தேடிய தாய், கடைசியில் சாமான் அறையின் மூடிய கதவுக்கு முன்னால் வந்து நிற்கிறாள். அசையாமல் நிற்கிறாள். கண்ணீர் பெருகுகிறது. அங்கே சத்யபிரியா எழுதியிருந்தது: [அமைதி].

அடுத்த செய்தியும் வந்தது. அமைதி என்று போட்டிருக்கிறது, அம்மா அழுகிறாள், சரி, கதவுக்குப் பின்னால் பிணம்தான் இருக்கிறது என்று நினைத்ததாகவும், மேலே பார்க்க மனமில்லாமல் நிறுத்திவிட்டதாகவும் லாசரஸ் எழுதியிருந்தார். மறுநாள் மனதைத் தேற்றிக்கொண்டு தொடர்ந்தால், அடுத்த காட்சியில் குழந்தை இட்லி தின்றுகொண்டிருக்கிறது.

இயக்குநர் அந்த இடத்தில் வேண்டுமென்றே ஒலியை எடுத்திருக்கிறார், அப்படித்தான் படம் என்று அவள் பதில் எழுதினாள். அனுப்பும் முன், ஒரு கடமைக்காகத்தான், ஹெட்ஃபோனை மாட்டி அந்தக் காட்சியை ஓடவிட்டாள். அமைதி. ஒலியைக் கூட்டினாள். அமைதிதான். கடைசிவரை கூட்டிவிட்டு, பக்கத்து மேசை ஜான்சியை அழைத்தாள். ஜான்சி கீழ்க்கட்டளையிலிருந்து வருபவள். இருவரும் ஒரே வேலையில் ஒன்றாகச் சேர்ந்தவர்கள்.

ஹெட்ஃபோனைக் காதில் வைத்த ஜான்சி சூடுபட்டவள்போல் அதைப் பிடுங்கி எடுத்தாள். ஒலியைக் குறைத்துவிட்டு மறுபடி வைத்தாள். முகத்தில் மெல்ல ஒரு சிரிப்பு வந்தது.

"கொலுசுக்கா. கதவுக்குப் பின்னாடி பாப்பா ஆடிட்டிருக்கு. அதான் அம்மா அழறாங்க."

ஜான்சி தன்னிடம் விளையாடுகிறாள் என்றுதான் சத்யபிரியா நினைத்தாள். எங்கே என்று கேட்டாள். ஜான்சி ஆள்காட்டி விரலைத் தூக்கி, சத்தம் வரும்போதெல்லாம் காற்றில் தொட்டுக் காட்டினாள். "இதோ. இதோ. இப்பக்கூட." சத்யபிரியா ஹெட்ஃபோனை வாங்கி மாட்டிக்கொண்டாள். அதன் ஒரு கிண்ணத்தை ஜான்சி தன் காதுப்பக்கம் திருப்பி வைத்துக்கொண்டாள். விரல் ஆடிக்கொண்டே இருந்தது. இவளுக்கு அந்த விரல் மட்டும்தான் தெரிந்தது.

திரையின் அடியில் ஒலியைக் காட்டும் கோட்டில் சின்னச் சின்னதாக முட்கள் எழுந்திருந்தன. போன வாரமும் அவற்றைப் பார்த்திருந்தாள். ஏதோ இரைச்சல் என்று விட்டுவிட்டாள்.

அன்று வீடு திரும்பும்போது வண்டியில் எல்லாமே கேட்டது. ஓட்டுநர் போனில் பேசுவது, பேருந்தின் ஹாரன், மேடவாக்கம் கூட்டு ரோட்டில் இரண்டு பேர் சண்டை போடுவது. இத்தனையும் கேட்கிறவளுக்கு எப்படிக் காது போயிருக்க முடியும்? இறங்கி நாலடி வைத்ததும் யாரோ முந்தானையைப் பிடித்து இழுத்தார்கள். பூக்கார கன்னியம்மா.

"இன்னாம்மா, அவ்ளோ நேரமா கூப்ட்டுகினு கீறேன், நீபாட்டுக்குப் போய்கினே கீற. இப்பல்லாம் கூப்ட்டா திரும்பவே மாட்டேன்ற. எம்மேல எதுனா கோவமா?"

இப்பல்லாம் என்ற சொல்தான் அவளைப் பிடித்து நிறுத்தியது.

தாம்பரத்தில் ஒரு காது பரிசோதனை நிலையத்துக்கு ஹரிபிரசாத்தோடு போனாள். சின்னக் கண்ணாடி அறை. காதில் ஒலி கேட்டால் கையிலிருக்கும் பொத்தானை அழுத்த வேண்டும். ஆரம்பத்தில் அழுத்தினாள், பிறகு நீண்ட நேரம் ஒன்றும் வரவில்லை. கருவியில் ஏதோ கோளாறு போலிருக்கிறது என்று பொறுமையாகக் காத்திருந்தாள். கடைசியில் கண்ணாடியைத் தட்டி, எப்போது தொடங்குவீர்கள் என்று வெளியிலிருந்த பெண்ணிடம் கேட்டாள். ஹரிபிரசாத் தலையைக் குனிந்துகொண்டார். வெளியே கருவியின் ஸ்பீக்கரில் அவருக்கு எல்லா ஒலியும் கேட்டிருந்தது.

தாழ்ந்த ஒலிகளும் பக்கத்தில் பேசும் பேச்சும் பெரும்பாலும் சரியாக இருக்கின்றன, மேலே போகப் போகக் காது இறங்கிவிட்டது என்றார்கள். பரம்பரையாக வந்ததாக இருக்கலாம், இத்தனை வருடம் ஹெட்ஃபோனில் சத்தமாகக் கேட்டதாலும் இருக்கலாம். போனது திரும்பாது. கருவி வைத்துக்கொள்ளலாம். சத்யபிரியா எல்லாவற்றுக்கும் சரி சரி என்று தலையாட்டினாள். படியிறங்கும்போதுதான் பாதிப் படியில் உட்கார்ந்துவிட்டாள்.

ஹரிபிரசாத்தும் பக்கத்தில் உட்கார்ந்தார். சொன்னார்: "கிச்சன்லேர்ந்து கூப்பிடுவேன். நீ பேசாம போயிடுவ. என்மேல வெறுப்பு வந்துடுச்சுன்னு நெனச்சேன் சத்யா. கேக்க பயமா இருந்துச்சு."

அவள் அவர் முகத்தையே பார்த்தாள். தான் மௌனமாக இருந்ததாக இன்னொரு மனிதர் மாதக்கணக்கில் நம்பியிருக்கிறார். அந்த மௌனத்தோடு ஒரே வீட்டில் குடித்தனம் நடத்தியிருக்கிறார். அவளுக்கோ அப்படி ஒரு மௌனம் இருந்ததே தெரியாது.

யாரிடமும் சொல்லாமல் சமாளித்துவிடலாம் என்ற எண்ணமும் இரண்டு நாள் இருந்தது. ஒலிக் கோட்டில் முள் தெரிந்தால் ஜான்சியிடம் கேட்டுக்கொண்டால் போயிற்று. ஆனால் லாசரஸ் விடவில்லை. பதில் வராததால் அலுவலகத்துக்கே வந்துவிட்டார். அவருக்கு எதிரே உட்கார்ந்து, அவர் உதடு படிக்கும்படி நிறுத்தி நிறுத்திச் சொன்னாள்: "எனக்குக் காது சரியா கேக்கலண்ணா. கொலுசு கேக்கல. சின்ன மணி எதுவும் கேக்கல."

ஆறுதல் சொல்வார் என்று எதிர்பார்த்திருந்தாள். லாசரஸின் முகம் இறுகியது. உரத்த குரலில் அவர் கேட்டது அந்தத் தளம் முழுக்க விழுந்தது.

"எத்தன நாளா சிஸ்டர்? நான் எதெல்லாம் கேக்காம வுட்டேன்?"

லாசரஸ் தொடர்ந்தார். கொஞ்ச காலமாகவே தனக்கு ஒரு சந்தேகம் இருந்ததாம். சாமி கும்பிடுகிறவன் தலைக்கு மேலேயே மணி தொங்குகிறது, கையால் அடிக்கிறான், எழுத்தில் மட்டும் தூரத்தில் மணியோசை என்று வருகிறது. "இப்பல்லாம் எல்லா மணியும் தூரத்துலயே இருக்கு. தமிழ்ப் படத்துல இப்ப இதான் ஸ்டைலுபோலன்னு நெனச்சேன். நீங்க எழுதுறதத்தான் நான் கேக்குறேன். எனக்கு வேற காது இல்ல."

அவள் எழுதியதுதான் அது. மங்கிய மணியோசை, தூரத்து மணியோசை. கேட்டபடி எழுதினாள், அவ்வளவுதான். மணிகள் ஒவ்வொன்றாக அவளைவிட்டு விலகிப் போய்க்கொண்டிருந்தன. அவளோ அந்த விலகலைச் சரியான வார்த்தை போட்டு, பிழையில்லாமல் எழுதிவந்திருக்கிறாள். கணீர் என்று கடைசியாக எப்போது எழுதினாள் என்று யோசித்தாள். நினைவுக்கு வரவில்லை.

அன்று மாலையே குழுத் தலைவர் முகிலனிடம் போய்ச் சொன்னாள். வேலை போனாலும் போகட்டும் என்று துணிந்துதான் போனாள். முகிலன் சங்கடப்பட்டார், வசனப் பிழை திருத்தும் பகுதிக்கு மாற்றித் தருவதாகச் சொன்னார். அவள் அதற்கு முன் ஒன்று கேட்டாள். காது குறையத் தொடங்கிய காலத்திலிருந்து தான் எழுதிய படங்களையெல்லாம் மறுபடி பார்த்துத் திருத்த வேண்டும்; ஜான்சி ஒப்புக்கொண்டால் ஜான்சியோடு. ஜான்சி அப்போதே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டாள். அந்த வேலை இன்னும் நடக்கிறது. பிழை திருத்தும் பகுதியைப் பற்றி முகிலன் பிறகு பேச்செடுக்கவில்லை.

காதுக் கருவி வந்தது. முதல் நாள் அது அவளை மிரட்டிவிட்டது. பாலித்தீன் பை நொறுங்கும் சத்தம், சொந்தப் புடவையின் சரசரப்பு, ஸ்பூன் விழுந்தால் முதுகு வரை கூசும் ஒரு கீச்சு. ஆசையோடு பூஜை அறைக்குப் போய்க் கைமணியை எடுத்து ஆட்டினாள். தகர மூடியைத் தட்டியதுபோல் இருந்தது. திரும்பத் திரும்ப ஆட்டினாள். ஹரிபிரசாத் வந்து வாசலில் நின்றார். நீண்ட நாளைக்குப் பிறகு இப்போது மணி கேட்கிறது, ஆனால் இது மணி இல்லை என்றாள். கொலுசும் இப்போது கேட்கிறது. குழந்தையின் காலில் சோளப்பொரி கட்டிவிட்டதுபோல் கேட்கிறது.

அதனால் மணி வரும் இடங்களில் மட்டும் அவள் கருவியை நம்புவதில்லை. ஜான்சியிடம் கேட்டாலும் சரிப்படுவதில்லை. எப்படி இருந்தது என்றால், நல்லா இருந்துச்சுக்கா என்பாள். வார்த்தைக்காரி இல்லை அவள்.

போன வாரம் இருவரும் ஒரு பழைய படத்தைத் திருத்திக்கொண்டிருந்தார்கள். மலைக்கோயில் காட்சி. அதற்கும் சத்யபிரியா அப்போது தூரத்து மணியோசை என்றுதான் எழுதியிருந்தாள். ஹெட்ஃபோன் ஜான்சியின் காதில். சத்யபிரியா தன் நாற்காலியைத் திரைக்கு முதுகு காட்டித் திருப்பிப் போட்டாள். படத்தை ஓடவிட்டு, ஜான்சியின் முகத்துக்கு நேராக முகத்தை வைத்து, இமைக்காமல் பார்த்தாள். ஜான்சிக்குக் கூச்சமாக இருந்தது, சிரிப்பை அடக்கிக்கொண்டாள். பூசாரி படியேறினார், மணிக்கயிற்றை இழுத்தார். ஜான்சியின் இமைகள் சட்டென்று அடித்துக்கொண்டன. புருவம் உயர்ந்தது. உயர்ந்த புருவம் உடனே இறங்கவில்லை. அங்கேயே நின்று, ஏதோ ஒன்று வெகுதூரம் போய்ச்சேரும்வரை பார்த்துக்கொண்டிருப்பதுபோல், மிக மெதுவாகக் கீழே வந்தது.

அது முழுக்க இறங்கும்வரை சத்யபிரியா காத்திருந்தாள். பிறகு ஜான்சியின் முகத்திலிருந்து கண்ணை எடுக்காமலே, கையால் விசைப்பலகையைத் துழாவி, முதல் எழுத்தை அழுத்தினாள்: க.