ரொவீனாவின் பந்தும் வெர்லினின் ஹாரனும்

எங்கள் ஊர்த் தண்ணீர்த் தொட்டியில் ஊர்ப் பெயரைவிடப் பெரிய எழுத்தில் ‘ரொவீனா டாக்கெட் பிறந்த ஊர்’ என்று எழுதியிருக்கிறது. ஓக்லஹோமாவில் எண்ணெய்க் கிணறு வற்றிப்போன ஊர்களுக்கு மார்தட்டிக்கொள்ள ஏதாவது வேண்டும். பக்கத்து ஊரில் சிமென்ட்டில் இரண்டு மாடி உயரத்துக்கு ஓர் ஆமை செய்து வைத்திருக்கிறார்கள். எங்களுக்கு ரொவீனா கிடைத்தாள்.

நான் நெட்டி ஸ்வாஃபர்ட். பள்ளியிலும் கல்லூரியிலும் ரொவீனா, பேஸ்பாலின் தங்கச்சியான சாஃப்ட்பாலில் பந்து வீச, எதிரே குந்தி உட்கார்ந்து பிடித்தவள் நான்தான். தொட்டியில் என் பெயர் இல்லை. இரண்டு முழங்காலிலும் தையல் மட்டும் இருக்கிறது.

அவளுடைய அப்பா வெர்லின், பண்ணை வீடுகளுக்குக் கேஸ் சிலிண்டர் கொண்டுபோய்ப் போடுகிறவர். மகளுக்கு எட்டு வயது ஆனதும் ஒரு பெயின்ட் வாளியைக் கவிழ்த்துப் போட்டு அதன்மேல் உட்கார்ந்தார். எங்கள் பக்கத்தில் பெண்ணைப் பெற்ற அப்பாக்கள் எல்லாரும் அப்படித்தான் வாளியில் உட்கார்ந்து மகளின் பந்தைப் பிடிப்பார்கள். வாளி இல்லாத அப்பாவை ஊர் ஒரு மாதிரியாகப் பார்க்கும். வெர்லின் வெறுமனே பிடிக்கவில்லை. ஒவ்வொரு பந்துக்கும் முன்னால் “மேல ஏத்து”, “கீழ விழவை”, “மெதுவா விடு” என்று சொன்னார். அவள் அப்படியே செய்தாள். கையை ராட்டினம் போல ஒரு சுற்றுச் சுற்றி இடுப்புக்குக் கீழிருந்து விட்டால், பந்து சொன்ன இடத்துக்கு வந்து சேரும். அப்படி ஒரு கை அதற்கு முன்னும் பின்னும் நான் பார்த்ததில்லை. அதைச் சொல்லத்தான் வேண்டும். பள்ளி அணியில் அந்தக் கைக்கு எதிரே என்னைக் குந்த வைத்ததும் வெர்லின்தான்.

கல்லூரியில் வாளி போய் மணிக்கட்டு அட்டை வந்தது. பயிற்சியாளர், அணி உட்காரும் டக்அவுட் கொட்டகையிலிருந்து “ரெண்டு நாலு ஒண்ணு!” என்று கத்துவார். நாங்கள் இருவரும் மணிக்கட்டில் கட்டிய அட்டையில் அந்த எண்ணைத் தேடி, எந்தப் பந்து என்று பார்த்துக்கொள்வோம். மறுநாள் பத்திரிகையில் ‘ரொவீனாவின் சாணக்கிய மூளை’ என்கிற தோரணையில் எழுதுவார்கள். அந்த மூளை டக்அவுட்டில் உட்கார்ந்து சூரியகாந்தி விதையைத் துப்பிக்கொண்டிருந்தது.

பிறகு தொழில்முறை ஆட்டக்காரி ஆனாள். இங்கே பெண்களுக்கான தொழில்முறை லீக் என்பது கோடைமழை மாதிரி. நனைவதற்குள் நின்றுவிடும். அவள் அணி கோப்பை வென்ற வருடமே லீக்கை இழுத்து மூடினார்கள். ஜப்பானில் பேரிங் செய்யும் ஒரு கம்பெனி அணிக்குப் போனாள். அங்கே பயிற்சியாளர் ஜப்பானிய மொழியில் சொல்வார், மொழிபெயர்க்கும் பெண் இவளிடம் கத்துவாள், இவள் வீசுவாள். சாப்பாட்டுக் கடையில்கூட அந்தப் பெண் சொன்னதைத்தான் சாப்பிட்டதாக ரொவீனாவே என்னிடம் சொல்லியிருக்கிறாள். அங்கேயும் ஜெயித்தாள். தோள்பட்டை தேய்ந்ததும் ஊர் திரும்பினாள்.

ஊர் அவளை எங்கள் பள்ளியின் பயிற்சியாளராக்கியது. அவளோ மேடை கிடைத்த இடத்திலெல்லாம் பேசினாள். ‘உன் ஆட்டத்தை நீயே முடிவு செய்’ என்ற அவளுடைய வாசகத்தைச் சட்டையில் அச்சடித்துத் தேவாலய விற்பனையில்கூட விற்றார்கள். ஊருக்குத்தான் உபதேசம். அதில் ஒரு சட்டையைக் கொடுத்து என்னைத் துணைப் பயிற்சியாளராகச் சேர்த்துக்கொண்டாள். சம்பளமும் அந்தச் சட்டைதான்.

முதல் ஆட்டத்திலேயே குட்டு வெளிப்பட்டது. எங்களுக்குப் பந்து வீசும் கெய்லின் என்ற ஒல்லிப் பெண், வீசும் வட்டத்தில் நின்று எண்ணுக்காக எங்களைப் பார்த்தாள். ரொவீனா வாயைத் திறந்தாள். மூடிக்கொண்டு என் பக்கம் திரும்பினாள்.

“நெட்டி, இப்ப என்ன போடச் சொல்றது?”

“என்னடி என்கிட்ட கேக்குற? நீதானே உலகப் புகழ்?”

“விளையாடாதடி. சத்தியமா எனக்குத் தெரியல. யாராச்சும் சொல்லுவாங்க, நான் போடுவேன்.”

“நான் வந்தத பிடிச்சவ. எனக்கு மட்டும் என்ன தெரியும்?”

அந்த நேரம் கம்பி வேலிக்குப் பின்னால் வாளியில் உட்கார்ந்திருந்த வெர்லின் மூக்கைச் சொறிந்தார். ரொவீனாவின் முகத்தில் விளக்கெரிந்தது. அட்டையைப் பார்த்து மேலே ஏறும் பந்தின் எண்ணைக் கத்தினாள். அன்றிலிருந்து அதுவே வழக்கமானது. மூக்கைத் தொட்டால் மேலே, காதைத் தொட்டால் கீழே, தொப்பியைத் தொட்டால் மெதுவான பந்து. மகரந்தம் பறக்கும் மாதத்தில் அவருக்கு மூக்கு அரித்ததால் ஓர் ஆட்டம் முழுக்க மேலே ஏறும் பந்தாகவே போட்டுத் தோற்றோம். ஊரில் எல்லாருக்கும் விஷயம் தெரியும். தொட்டியில் பெயர் எழுதிய பிறகு யார் வாயைத் திறப்பார்கள்?

மூன்றாவது வருடம் தலைமையாசிரியர் டுவெயின் ப்ரூவிட் அவளைக் கூப்பிட்டு, மாவட்டத்தைத் தாண்டி அடுத்த சுற்றுக்குப் போகாவிட்டால் வேலை கிடையாது என்றார். கால்பந்துப் பயிற்சியாளரின் மனைவி அந்த நாற்காலிக்குக் காத்திருந்தாள். அவளுக்கு சாஃப்ட்பால் தெரியாது. ஆனால் எங்கள் ஊரில் கால்பந்துப் பயிற்சியாளரின் மனைவிக்கு எதுவும் தெரிந்திருக்க வேண்டியதில்லை. ரொவீனாவுக்கு இந்த வேலையை விட்டால் வேறு பிழைப்பும் இல்லை, வேறு எதுவும் தெரியவும் தெரியாது. வெளியே வந்து என் காருக்குள் உட்கார்ந்து அழுதாள்.

மாவட்ட இறுதி ஆட்டம் எங்கள் மைதானத்தில் நடந்தது. ஐந்தாவது இன்னிங்ஸ் வரை வெர்லினின் மூக்கும் காதும் எங்களை இரண்டு ஓட்டம் முன்னால் வைத்திருந்தன. அப்போது அம்பயர் ஒரு நல்ல பந்தைக் கெட்ட பந்து என்றார். வெர்லின் எழுந்தார்.

“யோவ், உன் கண்ணாடிய உன் பொண்டாட்டி போட்டுட்டுப் போய்ட்டாளா?”

“டாக்கெட், உட்காருங்க.”

“உட்கார்ந்து பாத்தாலே தெரியுது, நின்னுட்டிருக்கிற உனக்குத் தெரியலையா?”

அம்பயர் கையை நீட்டி வெளியே போகச் சொன்னார். அம்மா அப்பாக்களைக் கார் நிறுத்தும் இடத்துக்கு விரட்டுவது எங்களுக்குப் புதிதல்ல. வெர்லின் வாளியைத் தூக்கிக்கொண்டு, எல்லை வேலிக்கு அப்பால் நின்ற தன் பிக்கப் வண்டிக்குப் போனார். ரொவீனா அவர் உட்கார்ந்திருந்த இடத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

அங்கிருந்து ஹாரன் கேட்டது. நீளமாக ஒன்று. பிறகு குட்டையாக இரண்டு. பாதி ஊர் அந்த வேலிக்குப் பின்னால் வண்டியில் இருந்தபடிதான் ஆட்டம் பார்க்கும், நல்ல அடி விழுந்தால் ஹாரன் அடிக்கும். ஆகவே அம்பயருக்குச் சந்தேகம் வரவில்லை. ரொவீனா உடனே புரிந்துகொண்டாள். நீளம் என்றால் மேலே, இரண்டு என்றால் கீழே, மூன்று என்றால் மெது.

தொல்லை என்னவென்றால், எதிரணிக்கும் காது இருந்தது. ஏழாவது இன்னிங்ஸில், அதாவது கடைசியில், அவர்கள் விழித்துக்கொண்டார்கள். இரண்டு பேர் அவுட்டான பிறகு வந்த மூன்று பெண்களும் ஹாரன் கேட்டதும் சிரித்துக்கொண்டே மட்டையைத் தயார் செய்தார்கள். அடி அடியாக விழுந்தது. ஓர் ஓட்டம் போனது. இப்போது நாங்கள் ஒன்றுதான் முன்னால், இரண்டு பேர் ஓடக் காத்திருந்தார்கள். அடுத்து வந்த பெண் இரண்டு பந்தைத் தவறவிட்டாள். இன்னும் ஒன்று தவறினால் ஆட்டம் எங்களுக்கு.

வேலிக்கு அப்பால் நீளமாக ஹாரன் கேட்டது.

“ரோ, அவளுங்களுக்கு ஹாரன் தெரிஞ்சுபோச்சு” என்றேன். “அப்பா சொன்னதையே போடச் சொன்னா, வேலைய மறந்துடு.”

“அப்ப என்ன போடச் சொல்ல?”

“எதையாச்சும் சொல்லு! அது மட்டும் வேணாம்!”

“தப்பாப் போனா?”

“தப்பாப் போகட்டும்டி. உன் வாயாலதான் ஒரு தடவை போகட்டுமே!”

அவள் அட்டையைப் பார்த்தாள். நான் அவளையே பார்த்தேன். மறுபடியும் ஹாரன், இன்னும் நீளமாக, கோபமாக. ரொவீனா கண்ணை மூடிக்கொண்டு ஓர் எண்ணைக் கத்தினாள். கெய்லின் அட்டையைப் பார்த்துத் திடுக்கிட்டுத் திரும்பினாள். ரொவீனா அதையே மறுபடி கத்தினாள். மெதுவான பந்து. மட்டைக்காரப் பெண் ஹாரனை நம்பி, வேகமாக மேலே ஏறும் பந்துக்கு மட்டையை உயரே சுழற்றினாள். மட்டை சுற்றி முடிந்து, அவளும் சுற்றி முடிந்து உட்கார்ந்த பிறகுதான் பந்து சாவகாசமாக வந்து சேர்ந்தது.

பிள்ளைகள் கத்திக்கொண்டு குவிந்தார்கள். தலைமையாசிரியர் ஓடிவந்தார். ரொவீனாவைத் தாண்டிப்போய், ஆட்டம் முடிந்ததும் வாளியோடு உள்ளே வந்துவிட்ட வெர்லினின் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

“பாத்தீங்களா ப்ரூவிட்? வேணும்னேதான் தப்பா அடிச்சேன். அந்தப் பொண்ணு அப்படியே ஏமாந்துட்டா!” என்றார் வெர்லின்.

காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்தால் காக்கைக்குத் தோள் பூரிக்கும் என்று யாரும் எனக்குச் சொன்னதில்லை. அன்று கண்ணால் பார்த்தேன். ரொவீனாவின் வேலை உறுதியானது. அங்கேயே கையெழுத்தும் ஆனது. பிறகு எல்லாரும் பர்கர் கடைக்குப் போனோம். வெர்லின் பெஞ்சுமேல் ஏறி நின்று ஹாரன் கதையை மூன்றாவது முறையாகச் சொன்னார். ஊர் கைதட்டியது. ரொவீனா உருளைக்கிழங்கு வறுவலைக் கீழே வைத்தாள்.

“அப்பா, அது நான் சொன்ன பந்து.”

“ஆமாண்டா செல்லம், நீதான் சொன்ன. வழி பண்ணிக் குடுத்தது யாரு?”

எல்லாரும் சிரித்தார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவள் சிரிக்கவில்லை.

“அடுத்த ஆட்டத்துக்கு நீங்க வர வேணாம்.”

வெர்லின் பெஞ்சிலிருந்து இறங்கினார். வாழ்நாளில் அவர் முகம் அப்படிச் சுருங்கி நான் பார்த்ததில்லை. பாவமாகத்தான் இருந்தது.

“அப்ப யாரு சொல்லுவா?”

“நான்.”

“உனக்குத்தான் தெரியாதே, ரோ.”

“தெரியாதுதான்.”

“நெட்டி, நீயாச்சும் எடுத்துச் சொல்லேன்.”

“என் முழங்கால் ரெண்டும் உங்க பேச்சக் கேட்டுத்தான் போச்சு அங்கிள். வாயாவது மிச்சமிருக்கட்டும்” என்றேன்.

அவர் வரவில்லை. அடுத்த சுற்றில் ஒவ்வொரு பந்தையும் ரொவீனாவே சொன்னாள். கீழே போட வேண்டியவளுக்கு மேலே, மெதுவாகப் போட வேண்டியவளுக்கு வேகமாக. ஒவ்வோர் அடி விழும்போதும் “சே, இவளுக்கு அது இல்லையா?” என்று கெய்லினைப் பார்த்துக் கத்தினாள். கெய்லின் “இல்ல மேடம், இது போட்டுப் பாக்கலாமா?” என்று வட்டத்திலிருந்து பதில் கத்தினாள். அதுவும் வேலிக்கு வெளியே போனது. பதினொன்றுக்குப் பூஜ்யம். இரக்கப்பட்டு ஐந்தாவது இன்னிங்ஸிலேயே ஆட்டத்தை நிறுத்திவிட்டார்கள். ரொவீனா தொப்பியைக் கழற்றி விசிறிக்கொண்டு, தோற்ற பிள்ளைகளோடு உட்கார்ந்து சத்தமாக வாதம் பண்ணிக்கொண்டிருந்தாள்.

வெர்லின் எனக்குப் போன் செய்தார். வீட்டில் உட்கார்ந்து ரேடியோவில் கேட்டிருக்கிறார்.

“என்னடி நெட்டி இது கண்றாவி! யாரு சொல்லிக்குடுத்தா அவளுக்கு இப்படியெல்லாம் போடச் சொல்ல?”

“யாரும் சொல்லிக்குடுக்கல, அங்கிள்” என்றேன். “எல்லாம் அவளே சொன்னது.”