கற்பூரம் மணத்த கைகள்

என் சாச்சி, அதாவது உம்மாவின் தங்கை, தன் முகத்தைப் பற்றி ஒருநாளும் கவலைப்பட்டதில்லை. எங்கள் குடும்பத்துப் பெண்களின் முகம் ஐம்பதிலும் முப்பது என்று சாதித்துக்கொண்டு நிற்கும். அவரைக் காட்டிக் கொடுத்தவை கைகள்தான். முதல் கணவர் மௌத்தாகித் தான் விதவையான பிறகு ஊராருக்கு அரிசி மா இடித்துக் கொடுத்துத்தான் சாச்சி சீவியம் நடத்தினார். உலக்கை பிடித்துப் பிடித்து உள்ளங்கை காய்த்துப் போயிருந்தது. மா வறுக்கிற அடுப்புச் சூட்டில் புறங்கை கறுத்துச் சுருங்கி, நரம்பெல்லாம் மேலே வந்துவிட்டன. கதவிடுக்கால் நீளும் அந்தக் கையை மட்டும் பார்ப்பவர், உள்ளே ஒரு கிழவி நிற்கிறாள் என்றுதான் நினைப்பார்.

அதையெல்லாம் சாச்சி பொருட்படுத்தியதே இல்லை, சாச்சா வெளிநாடு போகும்வரை. சாச்சா அவருடைய இரண்டாவது கணவர். சாச்சியை விட இளையவர். எவ்வளவு இளையவர் என்பதை எங்கள் வீட்டில் யாரும் சத்தமாகச் சொல்வதில்லை. கல்யாணம் முடித்துக் கொஞ்சக் காலத்தில், எண்பதுகளின் தொடக்கத்தில் கல்முனைப் பக்கத்து இளந்தாரிகள் எல்லோரும் போனது போல, அவரும் தன் கூட்டாளி ஒருவரோடு சவூதிக்குப் போனார். அங்கிருந்து ஒரு படம் அனுப்பினார். கறுப்புக் கண்ணாடியும் கைமணிக்கூடுமாக, இடுப்பில் கையை ஊன்றிக்கொண்டு நின்றார். படத்தைப் பார்த்த நாங்கள் கைதட்டினோம். சாச்சிக்கு அன்றோடு நித்திரை போய்விட்டது.

எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்கு உரியது. மாப்பிள்ளை ஒரு பெட்டியோடு வந்து குடியேறுவார். மனம் விட்டுப்போனால் அதே பெட்டியைத் தூக்கிக்கொண்டு தாய்வீட்டுக்குப் போய்விடுவார். அப்படிப் போன பெட்டிகள் எங்கள் குறுகிய ஒழுங்கையிலேயே இரண்டொன்று உண்டு.

"இந்தக் கையப் பாத்தா அவரு பெட்டியத் திறக்காமலே போயிருவாருகா," என்று சாச்சி உம்மாவிடம் சொல்வார். தேசிக்காயும் சீனியும் வைத்துத் தேய்த்தார். தேங்காய்ப்பாலில் கையை ஊறவைத்தார். கற்றாழைச் சோற்றைப் பூசி, இரண்டு கையையும் தலையணை உறைக்குள் விட்டுக்கொண்டு படுத்தார். நுளம்பு கடித்தால் சொறிய முடியாமல் என்னை எழுப்புவார். மறுநாள் விடிந்ததும் அதே கை உலக்கையைப் பிடிக்கும். "உலக்கைக்கும் கொஞ்சம் பூசு, அதுவும் கிழடாப் போகுது," என்று உம்மா பகிடி பண்ணுவார்.

சாச்சா வரப்போகிறார் என்று கடிதம் வந்தபோதுதான் சாச்சி அந்தக் காரியத்தைத் துணிந்தார்.

எங்கள் ஊரில் பெண் மையித்துகளை, அதாவது இறந்த பெண்களின் உடல்களை, குளிப்பாட்டுவதற்கு ஒருவர் இருந்தார். ஊருக்கே அவர் மாமி. கடற்கரைப் பக்கம், தாழை மண்டிய பற்றைக்குள் தனியாக ஒரு குடிலில் இருந்தார். அவர் தெருவால் நடந்து போனால், நோயாளி இருக்கிற வீட்டுக்காரர்கள் உள்ளே போய், மூச்சு ஓடுகிறதா என்று பார்த்துவிட்டு வருவார்கள். கல்யாண வீட்டுக்கு அவரைக் கூப்பிடுவதில்லை. சோற்றை மூடிக் கொடுத்தனுப்புவார்கள். வயது எழுபதுக்கு மேல் இருக்கும். முகத்தில் சுருக்கம் விழ இனி இடமில்லை. ஆனால் அவருடைய சேலைக்குள்ளிருந்து வெளியே வரும் கைகள் புதுப்பெண்ணின் கைகள். ஒரு சுருக்கமில்லை, ஒரு கீறலில்லை.

பிள்ளைகளாகிய நாங்கள் அதற்குக் காரணமும் கண்டுபிடித்து வைத்திருந்தோம். இளம் வயதில் மௌத்தாகிறவர்களின் கைகளை மாமி தனக்கு எடுத்துக்கொள்கிறார்; தன் பழைய கைகளை அவர்களுக்குக் கொடுத்து, மையித்தைச் சுற்றும் கபன் துணிக்குள் மறைத்துவிடுகிறார். பெரியவர்கள் இதைக் கேட்டுச் சிரித்தார்கள். ஆனால் மாமி கையை நீட்டினால் சிரித்தவர்களும் ஓரடி பின்னால்தான் நின்றார்கள்.

பின்னேரம் அசர் தொழுகை முடிந்த நேரம் சாச்சி என்னைத் துணைக்குக் கூட்டிக்கொண்டு அங்கே போனார். எங்கே போகிறோம் என்று தாழைப் பற்றை வரும்வரை என்னிடம் சொல்லவில்லை. குடில் வாசலில் மாமி எழுந்து நின்றார்.

"ஆரு மௌத்து?" என்று கேட்டார்.

அந்த வாசலுக்கு வேறு விஷயமாக யாரும் வந்ததில்லை போலும். ஒருத்தருமில்லை, என் கைக்காகத்தான் வந்தேன் என்று சாச்சி தட்டுத்தடுமாறிச் சொன்னார். மாமி பாயை விரித்து, சாச்சியின் வலக்கையை எடுத்து மடியில் வைத்தார். ஒரு போத்தலில் இருந்து எண்ணெய் ஊற்றி, மணிக்கட்டிலிருந்து விரல் நுனிவரை மெதுவாகத் தேய்த்தார். விரல் இடுக்குகளைத் தனித்தனியாக உருவினார். வலக்கை முடிந்துதான் இடக்கையைத் தொட்டார்.

இந்த வரிசையை நான் முன்பே பார்த்திருந்தேன். எங்கள் பின்வளவு வீட்டு அக்கா, நாங்கள் ராத்தா என்று கூப்பிடுகிறவர், பிள்ளைப்பேற்றில் மௌத்தானபோது, மறைப்புக் கட்டிய வெள்ளைச் சேலையின் ஓட்டையால் களவாகப் பார்த்தது நான்தான். அன்றும் மாமி இப்படித்தான் செய்தார். முதலில் வலக்கை, பிறகு இடக்கை. இப்போது உயிரோடு இருக்கிற சாச்சிக்கு அதையே செய்கிறார். அது போதாதென்று சாச்சி சுகமாகக் கண்ணை வேறு மூடிக்கொண்டார். அதற்காக எனக்கு இன்றும் அவர் மேல் கோபம் உண்டு.

தேங்காயெண்ணெய், காயவைத்துப் பொடித்த இலந்தை இலை, கற்பூரம் மூன்றும்தான் அந்தப் போத்தலில் இருந்தவை. மையித்துக் குளிப்பாட்டும் தண்ணீரில் போடும் அதே இலை, அதே கற்பூரம். "ஒவ்வொரு நாளும் பூசு, மகள். வெயிலுக்கும் நெருப்புக்கும் காட்டாத," என்று சொல்லிக் கொடுத்தனுப்பினார். வீடு வந்து சேரும்வரை போத்தலைச் சுமந்தது நான்.

சாச்சி மா இடிப்பதை நிறுத்தினார். வெளியே போனால் கைகளைச் சேலைத் தலைப்புக்குள் ஒளித்துக்கொண்டார். போத்தல் பாதியாகும் முன்பே உள்ளங்கைக் காய்ப்பு உரிந்தது. புறங்கையின் கறுப்பு கலைந்தது. உம்மாவே பிடித்துப் பார்த்துவிட்டு, "நம்மளுக்கும் கொஞ்சம் தா," என்றார். எங்கே வாங்கியது என்று கேட்டதற்கு, கல்முனைக் கடையில் என்று சாச்சி கூசாமல் பொய் சொன்னார்.

ஒருநாள் சாச்சி எனக்குத் தலை பின்னினார். கழுத்தில் பட்ட விரல்கள் குளிர்ந்திருந்தன, மெத்தென்று இருந்தன. அது சாச்சியின் கையே அல்ல. பின்வளவு ராத்தா உயிரோடு இருக்கும்போது எனக்குத் தலை பின்னிவிடுவார். அந்த விரல்கள் இப்படித்தான் இருக்கும்.

"சாச்சி, இது ஆர்ர கை?" என்று கேட்டேன்.

"என்ட கைதான்கா. வேற ஆர்ர?" என்று சந்தோசத்தில் சிரித்தார். நான் திரும்பிப் பார்க்கவில்லை. அதற்குப் பிறகு அவர் உருட்டித் தரும் சோற்றுக் கவளத்தை வாங்கி, யாரும் பாராத நேரம் கோழிகளுக்குப் போட்டேன். கோழிகள் சாகின்றனவா என்று பார்த்துக்கொண்டும் இருந்தேன். அவை நன்றாகத்தான் கொழுத்தன.

சாச்சா வந்த நாளில் ஒழுங்கை நிறையச் சனம். அவர் தனியாக வந்தார். கூடப் போன கூட்டாளி சில மாதங்களுக்கு முன்பு கட்டிடத்துச் சாரத்திலிருந்து விழுந்து மௌத்தாகி, அங்கேயே அடக்கப்பட்டிருந்தார். அதைப் பற்றிக் கேட்டவர்களுக்கெல்லாம் சாச்சா, "ஓம், அடக்கிட்டம்," என்று மட்டும் சொன்னார். படத்தில் நின்ற ஆளாக அவர் இல்லை. மெலிந்து, கண் உள்ளே போயிருந்தது. பெரிய பெட்டி விறாந்தையில் கிடந்தது. அதற்குள் டொபி, இனிப்பு இருக்கும் என்று நாங்கள் அதைச் சுற்றி மோப்பம் பிடித்துக்கொண்டிருந்தோம். சாச்சியும் வந்து வந்து அந்தப் பெட்டியைத்தான் பார்த்துவிட்டுப் போனார்.

பகல் சாப்பாட்டுக்குச் சாச்சா பாயில் உட்கார்ந்தார். சாச்சி குனிந்து மீன் துண்டொன்றை அவர் பீங்கானில் வைத்தார். சாச்சா சிரித்துக்கொண்டே அந்தக் கையைப் பிடித்துத் தன் முகத்தருகே கொண்டுபோனார். அப்படியே அவர் முகம் மாறியது. கையை விட்டார். சோற்றை அளைந்த கையோடு எழும்பிக் கிணற்றடிக்குப் போய், திரும்பத் திரும்பக் கழுவிக்கொண்டு நின்றார். சாப்பிட வரவேயில்லை.

சாச்சி குசினிக்குள், அடுப்படிக்குப் போய் நிலத்தில் உட்கார்ந்து, இரண்டு கையையும் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டார். "கண்டுட்டாருகா. என்ன பூசி என்ன, கிழவியக் கண்டுட்டாரு," என்றார். உம்மா எவ்வளவு சொல்லியும் எழும்பவில்லை. அன்றிரவு சாச்சா விறாந்தையிலேயே பெட்டிக்குப் பக்கத்தில் படுத்தார். பெட்டி திறக்கப்படவில்லை. எனக்கு டொபி ஆசை போய்விட்டது. ஒருவருடைய கையை வேறொருவர் மாட்டிக்கொண்டிருப்பதைக் கண்டுகொண்ட இன்னொரு ஆள் வீட்டில் இருக்கிறார் என்பதே எனக்குப் பெரிய ஆறுதலாக இருந்தது.

ஆகவே விடிந்ததும் சாச்சா என்னைக் கூப்பிட்டு, "சாச்சிட கையில அது என்ன மணம், மகள்?" என்று கேட்டபோது, ஒன்றையும் ஒளிக்காமல் சொன்னேன். மாமி, போத்தல், இலந்தை இலை, கற்பூரம் எல்லாம் சொன்னேன். அவர் என்னை ஏசவில்லை. "அங்க என்னக் கூட்டிப் போ," என்றார்.

நாங்கள் கடற்கரைப் பாதையில் இறங்கும்போது சாச்சி பின்னால் ஓடி வந்தார். சாச்சாவின் கையில் பெட்டி இல்லை என்று கண்டதும் ஓட்டத்தை விட்டார். ஆனாலும் தூரத்தில் வந்துகொண்டே இருந்தார். மாமி குடில் வாசலில் எழுந்து நின்று, அதே கேள்வியைக் கேட்டார். "ஆரு மௌத்து?"

"என்ட கூட்டாளி, மாமி," என்றார் சாச்சா.

பிறகு வாசல் மணலில் குந்தியிருந்து, நிலத்தைப் பார்த்துக்கொண்டே கதைத்தார். பாலைவனத்துக்குள் வேலைக்காரர்கள் தங்கியிருந்த இடத்தில் மையித்தைக் குளிப்பாட்டத் தெரிந்தவர் யாருமில்லை. கற்பூரத்தையும் தண்ணீரையும் கொடுத்து, உங்கள் ஊரான்தானே, நீயே செய் என்றார்களாம். இவர் தனியாகச் செய்தார். சொல்லி முடித்து இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினார். அப்போதுதான் நான் அவற்றை ஒழுங்காகப் பார்த்தேன். சீமெந்து தின்று, தோல் பாளம் பாளமாக வெடித்து, வெடிப்புக்குள் கறுப்பேறிக் கிடந்தது. சாச்சியின் பழைய கை இதற்கு முன்னால் பூப்போல.

"மையித்துக்கு நோகுமெண்டு ஆக்கள் சொல்ற. நான் இந்தக் கையாலதான் தேய்ச்ச. அவனுக்கு நொந்திரிக்குமா, மாமி?"

மாமி தன் இளம் கைகளை ஒன்றோடொன்று தடவிக்கொண்டிருந்தார். பிறகு, "அதுக்குத்தான், மகன், நான் இவ்வளவு காலமும் கைக்கு எண்ணெய் பூசுற," என்றார். சாச்சாவின் தலை இன்னும் குனிந்தது. "ஆனா நான் போறது தெரியாத ஆக்கள்ட்ட. தெரிஞ்சவன்ட கை நோகாது."

உள்ளே போய்ப் போத்தலை எடுத்து வந்து, வேலியோரம் நின்ற சாச்சியைக் கூப்பிட்டார். "உன்ட கை இப்ப பதமா இரிக்கி. நீ பூசு, மகள்."

சாச்சி வந்து மணலில் உட்கார்ந்து சாச்சாவின் கைகளைத் தன் மடியில் வைத்தார். சாச்சா இழுத்துக்கொள்ளவில்லை. வலக்கையை முதலில், மணிக்கட்டிலிருந்து விரல் நுனிவரை, சாச்சி தேய்த்தார். சாச்சா வாய்விட்டு அழுதார். ஒரு பெரிய ஆம்பிளை அப்படி அழுது நான் அதுவரை பார்த்ததில்லை. இனி எங்கள் வீட்டில் இரண்டு பேருடைய கைகளும் போய்விட்டன என்று பயந்து, அவர்களை விட்டுவிட்டு ஓடினேன்.

அவர்கள் வந்து சேர நேரமானது. வந்ததும் சாச்சா பெட்டியைத் தூக்கி அறைக்குள் கொண்டுபோய் வைத்தார். சாச்சி குசினிக்கு வந்து, ஒன்றும் நடக்காதது போல அடுப்பை மூட்டினார்.

நான் உம்மாவின் மடியில் தலையைப் புதைத்துக்கொண்டு, நடந்ததை எல்லாம் சொன்னேன். கடைசியில், அந்த எண்ணெய் பொல்லாத எண்ணெய், வெடிப்புக்குள் இறங்கிச் சாச்சாவுக்கு நன்றாகக் கடுத்துவிட்டது, அதுதான் அப்படி அழுதார் என்றேன்.

உம்மா என் தலையைத் தடவினார்.

"ஓம் மகள்," என்றார். "கடுக்கும்."