மாடு பூட்டாத நாள்

ஆந்திர ராஜ்யம் தனியாகப் பிரிந்த புதிது. நகரி, விஜயபுரம் பக்கத்து ஊர்கள் எந்த ராஜ்யத்துக்குப் போகும் என்று டீக்கடைக்கு டீக்கடை சண்டை. நான் திருப்பதியில் ஒரு வக்கீலிடம் குமாஸ்தா. எங்கள் கட்சிக்காரி ஒருத்திக்கு விஜயபுரத்துக்கு அருகே இரண்டு கழனி. எல்லை எங்கே போனாலும் அவளுக்குச் சரி, கிணற்றுத் தண்ணீர் கழனிக்கு வந்தால் போதும்.

அந்தக் கிணறு அவளுக்கும் அவள் மூத்தாருக்கும், அதாவது கணவனின் அண்ணனுக்கும், பொது. மாடு பூட்டி, தண்ணீர் மொள்ளும் சால் கட்டி, முறை வைத்து இறைக்க வேண்டும். கணவன் போட்ட பாகப்பிரிவினை வழக்கு அவன் செத்த பிறகும் இழுத்துக்கொண்டே இருந்தது. நெல் கதிர் வாங்குகிற சமயம் பார்த்து மூத்தார் அவள் முறையை மறித்தார். வழக்கு முடியும்வரை அவர் தடுக்கக் கூடாது என்று தற்காலிகத் தடையுத்தரவு கேட்டோம். கிணற்றைப் பார்த்துவர முனிசீப் கோர்ட்டு ஒரு கமிஷனரை அனுப்பியது. நாள் குறித்துக் கொடுத்தது நான்.

அன்று அமாவாசை. அது எனக்குத் தெரியாமல் இல்லை. விடியற்காலையில் தர்ப்பணம் செய்துவிட்டுத்தான் கமிஷனரோடு பஸ் ஏறினேன். கோயில் கைங்கர்யக் குடும்பத்தில் பிறந்த எனக்கு அமாவாசை என்றால் எள்ளும் தண்ணீரும்தான். குடியானவர்கள் அன்று மாடு பூட்டமாட்டார்கள் என்பது இந்த மண்டையில் ஏறவில்லை. அவள் பக்கம் மாடும் இல்லை, சாலும் இல்லை, வடமும் இல்லை. மூத்தாரின் மாடுகள் மட்டும் இறைத்துக்கொண்டிருந்தன. அவள் இறைப்பதற்கு அடையாளமே இல்லை என்று கமிஷனர் கண்டதை எழுதினார். அவளும் வாய் திறக்கவில்லை. இன்று அமாவாசை என்று ஒருவருக்கு எடுத்துச் சொல்ல வேண்டியிருக்கும் என்று அந்த ஊரில் யாருக்குத் தோன்றும்?

அந்த அறிக்கையை வைத்து முனிசீப் மனுவைத் தள்ளிவிட்டார். சித்தூர் ஜில்லா கோர்ட்டுக்கு அப்பீல் எழுத உட்கார்ந்தபோது, அன்று சாலையும் வடத்தையும் ஏனம்மா ஒளித்து வைத்தாய் என்று அவளிடம் எரிந்து விழுந்தேன். அமாவாசையில் யார் பூட்டுவார்கள் என்று அவள் திருப்பிக் கேட்டாள். அப்போதுதான் எனக்கு உறைத்தது.

சித்தூரில் ஜட்ஜ், அப்படி ஒரு வழக்கம் உண்டா என்று எதிர்த்தரப்பு வக்கீலையே கேட்டார். அவரும் குடியானவர் வீட்டுப் பிள்ளை. உண்டு என்றார். அப்படியானால் கமிஷனர் வந்த அன்று உங்கள் கட்சிக்காரர் மட்டும் ஏன் பூட்டினார் என்று கேட்டதும் அவர் கேஸ்கட்டை மடித்து வைத்துவிட்டார். அப்பீல் எங்கள் பக்கம் ஆயிற்று.

அதற்குள் ஒரு கழனி கருகிவிட்டது. உத்தரவு நகலை நானே கொண்டுபோனேன். நாள் குறித்த பாவி நான்தான் என்று அவளிடம் ஒப்புக்கொண்டேன். கமிஷனர் எதைப் பார்க்க வருகிறார் என்று முன்னாலேயே எச்சரித்திருந்தால் அன்று நீ பேருக்காவது பூட்டியிருக்கலாம் என்று உளறவும் செய்தேன்.

"சொல்லியிருந்தா மட்டும் பூட்டியிருப்பேனா அண்ணா? வாயில்லாத ஜீவனுக்கு மாசத்துல அந்த ஒரு நாளுதான்" என்றாள்.

எனக்கு வெட்கமாக இருந்தது. கருகிய கழனியைப் பார்க்காமல் கிணற்றுப் பக்கம் திரும்பி நின்றேன். அவள் சொன்னாள்:

"மூத்தாருக்கு எம்மேல கோவம், என் தண்ணிய மறிச்சாரு. அந்த மாடுங்க அவர என்னா பண்ணுச்சிங்க?"