நூடுல்ஸ் மேல் தூவிய எள்

இத்தனை வருஷம் ஆகியும் எனக்கு ஆத்திரம் அடங்கவில்லை. கல்யாணப் பந்தியில் காலிஃபிளவரைச் சிவப்புச் சாயத்தில் முக்கிப் பொரித்து, சைனீஸ் என்று சொல்லிப் பரிமாறினால் இரண்டு தரம் கேட்டு வாங்கிச் சாப்பிடுகிற ஊர் எங்கள் ஊர். சீனாக்காரரிடமே நேரில் கற்றுக்கொண்டு வந்து நான் செய்த குளிர்ந்த நூடுல்ஸுக்கு மட்டும் அது வைத்த பெயர், ஆறிப்போன சேமியா.

சிங்கப்பூர்க் கப்பல் பட்டறையில் எனக்கு அடுத்த கட்டிலில் படுத்தவர் சீனாவிலிருந்து வந்த வெல்டர். எங்கள் இரண்டு பேருடைய ஆங்கிலத்தையும் கூட்டினால் ஒரு வாக்கியம் தேறாது. ஞாயிற்றுக்கிழமைகளில் அவர் நூடுல்ஸை வேகவைத்து, குளிர்ந்த நீரில் அலசி, ஐஸ் பெட்டிக்குள் வைத்து எடுத்து, வேர்க்கடலை விழுதைப் பிசறிக் கொடுப்பார். மேலே வறுத்த எள். நான்கு வருஷத்தில் அங்கே நான் ஒழுங்காகக் கற்றுக்கொண்டது அது ஒன்றைத்தான். நான் வைத்த வெல்டிங்கைப் பற்றி அந்தக் கப்பல்களைத்தான் கேட்கவேண்டும்.

திரும்பி வந்து, வலங்கைமான் பக்கத்தில் என் பங்குக்கு இருந்த பத்து மா நிலத்தில், மூன்று ஏக்கர் சொச்சத்தில், இறங்கினேன். அடுத்த வயல் பெரியப்பா மகனுடையது. வாய்க்கால் தண்ணீர் அவர் வயலைத் தாண்டித்தான் எனக்கு வரவேண்டும். அந்த ஆவணியில் அவர் மடையில் மண்ணைக் கொட்டி அடைத்துவிட்டார். என் சம்பா நாற்றங்கால் வெடிப்பு விட ஆரம்பித்தது. இன்னும் நான்கு நாள் போனால் நாற்று கருகிவிடும், அந்த வருஷம் நான் அரிசி வாங்கித்தான் சாப்பிடவேண்டும்.

இதில் என் வயிறு எரிந்த இடம் வேறு. பக்கத்து மாநிலம் தண்ணீர் விடவில்லை என்று நாங்கள் இரண்டு பேரும் ஒரே மறியலில், ஒரே தார்ச்சாலையில், தொடையோடு தொடை ஒட்டி உட்கார்ந்திருந்தோம். பக்கத்து மாநிலம் விட்டுவிட்டது. பக்கத்து வயல் விடவில்லை.

காரணம், நான் வரப்பை அரை அடி அவர் பக்கம் தள்ளிப் போட்டுவிட்டேனாம். அபாண்டம் என்று டீக்கடை டீக்கடையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

சமாதானம் பேச ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் அவரைச் சாப்பிட அழைத்தேன். கோழி அடிக்கலாம் என்றாள் என் மனைவி. கோழியை எல்லோரும்தான் அடிக்கிறார்கள், அண்ணன் வாயடைத்துப் போகிற மாதிரி ஒன்றை வைத்தால்தான் மடை திறக்கும் என்று அடம்பிடித்தேன். அவள் அடுப்படியை என்னிடம் விட்டுவிட்டு, கறிவேப்பிலை ஆய்கிற சாக்கில் வேடிக்கை பார்க்க உட்கார்ந்தாள்.

அது மின்வெட்டுக் காலம். கரண்ட் எப்போது வரும் என்று ஆளுங்கட்சிக்கும் தெரியாது, எதிர்க்கட்சிக்கும் தெரியாது. அரசாங்கம் இலவசமாக மிக்சி கொடுத்தது, அதை ஓட்ட மின்சாரம் கொடுக்கவில்லை. கரண்ட் வந்த முக்கால் மணி நேரத்தில் வறுத்த கடலை, பூண்டு, வெல்லம், கும்பகோணத்தில் தேடி வாங்கிய சோயா சாஸ், எலுமிச்சைச் சாறு, மிளகாய் வதக்கிய நல்லெண்ணெய் எல்லாவற்றையும் போட்டு அரைத்தேன். பாதியில் மிக்சி புகைந்தது. மீதியை அம்மியில் நசுக்கினேன். ஃபிரிட்ஜ் வெறும் அலமாரியாக நின்றதால், அலசிய நூடுல்ஸைத் தூக்குவாளியில் போட்டுக் கிணற்றுக்குள் இறக்கிக் குளிரவைத்தேன். வெள்ளரிக்காயை நூல் நூலாக நறுக்கினேன்.

அண்ணன் கறுப்புச் சட்டையில் வந்தார். ஊரில் பகுத்தறிவுக்கு அவர்தான் மொத்த வியாபாரி. பெரியப்பா இறந்தபோது சடங்கு எதுவும் கிடையாது என்று நின்றவர். எள் என்பது செக்கில் ஆட்டுவதற்கு மட்டும்தான் என்று சுடுகாட்டிலேயே பத்து நிமிடம் பேசியவர்.

காற்று வருகிற பக்கமாகப் பார்த்து, தெற்கு முகமாக அவரை உட்காரவைத்தேன். வாழையிலையில் தண்ணீர் தெளித்தேன். விழுதைப் பிசறிய நூடுல்ஸைக் கிண்ணத்தில் அமுக்கி, உருண்டையாக இலையின் நடுவில் கவிழ்த்தேன். ஹோட்டல்காரன் மாதிரி கையை உயர்த்தி, விரல்களுக்கிடையில் எள்ளைத் தூவினேன். எங்கள் வீட்டில் எள் கறுப்பு எள்தான்.

அண்ணன் இலையைப் பார்த்தார். தெற்கே பார்த்தார். என்னைப் பார்த்தார். பிறகு மெதுவாக எழுந்தார்.

"அரை அடி வரப்பக் கேட்டா, ஆறடிக்கு ஏற்பாடு பண்றியேடா."

எனக்கு முதலில் விளங்கவில்லை. பிறகு இலையை அவர் கண்ணால் பார்த்தேன். தெற்கு முகம், குளிர்ந்த உருண்டை, எள், தண்ணீர். உயிரோடு இருக்கிற பங்காளிக்கு நான் அவர் வீட்டார் செலவில்லாமல் திவசமே முடித்திருந்தேன். இது சீனச் சாப்பாடு என்று விளக்கப் பார்த்தேன். சீனாக்காரன் யாருக்குப் படைப்பான் என்று திருப்பிக் கேட்டார். செருப்பைத் தேடி அவர் கால் வாசல் பக்கம் போயிற்று. என் நாற்றங்கால் என் கண் முன்னாலேயே வைக்கோலாகிக்கொண்டிருந்தது.

அப்போது என் மனைவி கறிவேப்பிலையிலிருந்து தலையை நிமிர்த்தாமல் கேட்டாள்:

"எள்ளுதான் உங்களுக்கு ஆகலீங்களா மாமா? வழிச்சு எடுத்துட்டுத் தரவா?"

அண்ணன் நின்றார். பெண்களும் வரவேண்டும் என்று அவர் கூட்டிப்போன சுடுகாட்டில் அவர் பேச்சைக் கேட்டவர்களில் அவளும் ஒருத்தி.

"எனக்கு ஏன்மா ஆகாது? எள்ளுங்கிறது ஒரு எண்ணெய் வித்து. அவ்வளவுதான்."

உட்கார்ந்தார். ஆனால் இலையைத் தானே இழுத்து, கிழக்கே திரும்பி உட்கார்ந்தார். முதல் வாயைக் கொள்கைக்காகச் சாப்பிட்டார். இரண்டாவது வாயை ருசிக்காகச் சாப்பிட்டார். இன்னும் போடு என்று மூன்றாம் தடவை இலையைக் காட்டினார். முடித்துக் கைகழுவிவிட்டு அவர் சொன்ன பாராட்டு, கடலை நல்ல கடலை என்பது. காலையிலிருந்து நான் வெந்தேன், மிக்சி செத்தது, பெயர் கடலைக்கு.

"வரப்ப எடுத்து எடத்துல போடு. போட்ட அன்னைக்கு மடையத் தொறக்கிறேன்," என்றார் துண்டில் வாயைத் துடைத்தபடி.

எந்த வரப்பு என்று நான் கேட்க வாய் திறப்பதற்குள், "நாளைக்கே போட்டுடுவாங்க மாமா," என்று உள்ளேயிருந்து பதில் போயிற்று. என் வீட்டிலேயே எனக்கு எதிராகச் சாட்சி.

மறுநாள் காலை அண்ணன் வயலின் முழங்கால் சேற்றில் நின்று வரப்பைக் கொத்தி நகர்த்தினேன். அரை அடி என்று அவர் சொன்னது அபாண்டம்தான், இன்றைக்கும் சொல்வேன். முக்கால் அடி.

அண்ணன் எதிர்க்கரையில் குடை பிடித்து நின்று ஒவ்வொரு கொத்துக்கும் கண்ணால் கோடு போட்டுக்கொண்டிருந்தார். திருப்தியானதும் மடை மண்ணைக் காலால் தள்ளிவிட்டார். தண்ணீர் கலங்கலாக என் நாற்றங்காலுக்குள் நுழைந்து வெடிப்புகளில் இறங்கியது. நான் நன்றி சொல்லலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டிருக்கும்போது அவர் தொண்டையைச் செருமினார்.

"அடுத்த தடவ செய்யறப்ப எள்ளு போடாத. எனக்கு ஒண்ணுமில்ல. ஒங்க அண்ணிதான் பயப்படுறா."