பெட்டி ஏந்தி வந்தவன் மாமன்தான்

எனக்கு வயது எழுபத்தெட்டு. வளர்த்தது ஏழு பேரை. அதில் இரண்டு என் நாத்தனார் விட்டுப்போனவை. எழுத்துக் கூட்டித்தான் எழுதுவேன். ஆனால் கதை சொல்ல எனக்கு எழுத்து தேவைப்பட்டதே இல்லை.

தொண்ணூறுகளில் மயிலாப்பூர்க் குளத்துக்குப் பின்னால் ஒரு காம்பவுண்டில் குடியிருந்தோம். கேபிள் வந்தபோது கலர் டிவி என் வீட்டில் மட்டும்தான். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஜப்பான்காரன் எடுத்த பொம்மைப் படம் ஒன்று வரும். பள்ளிக்கூடப் பெண் ஒருத்தி குளத்தில் விழுந்து வேறு உலகத்தில் எழுந்திருப்பாள். கண் ஒவ்வொன்றும் தோசைக்கல் அகலம். பேச்செல்லாம் இந்தி. எங்களுக்கு இந்தி தெரியாது. அதனால் என்ன? அழுகிறவள் அழுகிறாள், அடிக்கிறவன் அடிக்கிறான். மிச்சத்தை நான் சொல்வேன்.

அந்த உலகத்தில் கொம்பு வைத்த ராஜா ஒருவன் அவளைத் துரத்துவான். வெள்ளை முடிக்காரன் ஒருவன் சிவப்புத் துணி போர்த்திய பெட்டியை இரண்டு கையிலும் ஏந்தி அவள் பின்னாலேயே வருவான். ஒரு பெண்ணைத் தேடி இப்படிப் பெட்டி ஏந்தி வருகிறவன் யார்? தாய்மாமன். பெட்டிக்குள் காதுகுத்துச் சீர். சொன்னேன், காம்பவுண்டே ஒத்துக்கொண்டது.

ஒரு வாரம் வானத்தில் கதவு திறந்தது. அந்தப் பக்கம் அவள் அம்மா கை நீட்டினாள். பெண் வீடு போய்ச் சேருவாளா என்று பார்க்க அடுத்த ஞாயிறு என் கூடம் நிறைந்துவிட்டது. இந்திப் பரீட்சை அத்தனையும் எழுதிய மாடி வீட்டு மாமியும் வந்தார், யாரும் கூப்பிடாமலேயே.

வெள்ளை முடிக்காரன் பெட்டியைத் திறந்தான். உள்ளே கம்மல் இல்லை. காலில் பூட்டுகிற இரும்புச் சங்கிலி.

"ஐயையோ, இவன் மாமாவும் இல்லை, ஒண்ணும் இல்லை. மந்திரவாதி!" என்றார் மாமி. "கொம்பு வெச்சவன்தான் பொண்ணோட அப்பா. அவனே சொல்லிண்டிருக்கான்!"

பெண்ணும் ஓடிப்போய்க் கொம்பு வைத்தவனைக் கட்டிக்கொண்டாள். கூடத்தில் யாரும் டிவியைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார்கள். இத்தனை நாள் நான் சொன்னது தப்பென்றால், இனிமேல் என் வீட்டில், என் டிவி எதிரில், மாமி வாயைத்தான் பார்ப்பார்கள்.

இஸ்திரி போடுகிறவள் கேட்டே விட்டாள். "இன்னாக்கா, மாமன்னு சொன்னே?"

"மாமன்னு சொன்னேன். நல்லவன்னு சொன்னேனா? உன் பொண்ணு காதுகுத்துக்கு உங்கண்ணன் இன்னாடி கொண்டாந்தான்?"

அவள் முகம் சிவந்தது. "அதைக் கேக்காத. தி.நகர் நகைக்கடைப் பொட்டி, உள்ள கவரிங் கம்மல். மூணாம் நாளே காது சீழ் புடிச்சிக்கினு..." டிவியைத் திரும்பிப் பார்த்தாள். "அட, இவன் மாமனேதான்!"

"நான் இந்தி படிச்சவ," என்றார் மாமி.

"இந்தி படிச்சே மாமி. எங்கண்ணனைப் படிச்சியா?" என்றாள் இஸ்திரிக்காரி.

கூடமே சிரித்தது. அதற்குள் விளம்பரம் வந்துவிட்டது. கொம்பு எரிய எரிய அப்பன்காரன் பெண்ணுக்காக அந்த வானத்துக் கதவைத் தோளில் தாங்கி நிற்கிற இடத்தில் டிவிக்காரன் படத்தை நிறுத்திவிட்டான்.

மாமி என் பக்கம் நகர்ந்து உட்கார்ந்தார். "அந்தக் கொம்பு வெச்சவர் பொழைச்சுடுவாரோன்னோ?" என்று மெதுவாகக் கேட்டார். என்னைத்தான் கேட்டார்.

"பாரு, சொல்றேன்," என்றேன்.

பேத்தி, எழுதியாயிற்று. உனக்கு இந்தியும் வரும், ஜப்பான் பாஷையும் வகுப்புக்குப் போய்ப் படிக்கிறாய். உன் கெட்டிக்காரத்தனத்தை இதில் காட்டாதே. மாமன் என்று இருக்கிற இடத்தில் மாமன் என்றே படி. எங்கே, சத்தமாக.