லாக்டோஸ் கலக்காத மாடு

இன்று காலை ஆரப்பாளையத்தில் ஒரு பால் கடைக்குப் போனேன். வாசலில் பலகை: "கறந்த பால். லாக்டோஸ் கலப்பதில்லை."

எனக்கு முன்னால் நின்ற பெண் தூக்குவாளியை நீட்டினாள். "பிள்ளைக்கு லாக்டோஸ் ஆகாதுன்னு டாக்டர் சொல்லிட்டாருண்ணே. அதான் பாக்கெட் பாலை விட்டுட்டு இங்க வாரேன்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"அண்ணே, லத்தீன்ல 'லாக்'னா பால். லாக்டோஸ்னா பால்லயே இருக்குற சர்க்கரை. யாரும் கலக்க வேணாம், மாடே தருது."

கடைக்காரர் பாலில் மிதந்த கண்ணாடிக் குழாயை எடுத்துக் காட்டினார். "இது லாக்டோமீட்டர் டீச்சர். லாக்டோஸ் இருந்தா காட்டிக் கொடுத்திரும்."

"அதுலயும் அதே 'லாக்'தான்! தண்ணி கலந்திருக்கான்னு பாக்குற மீட்டர்ணே அது."

"அம்புட்டும் புத்தகத்துல சரி" என்று சிரித்தார்.

அந்தப் பெண்ணிடம், பால் வாங்காமல் முதலில் டாக்டரிடம் கேட்கச் சொன்னேன். நல்லவேளை, வாளி காலியாகவே திரும்பியது.

கறந்த பாலில் லாக்டோஸே இல்லையென்று சத்தியம் செய்கிறவர், கேனில் இருப்பது வெறும் தண்ணீர் என்றல்லவா ஒத்துக்கொள்கிறார்!

உங்கள் பக்கத்து மாடுகளாவது லாக்டோஸ் கலக்கின்றனவா?